மொரிஷியஸ் தொழிலாளர் கட்சி: கரும்புத் தோட்டத்திலிருந்து அரியணை வரை

கேட்கப்பட்ட கேள்வி இதுதான்: "மொரிஷியஸ் தொழிலாளர் கட்சி உண்மையிலேயே தொழிலாளர்களின் கட்சியா, இல்லை ராம்கூலம் குடும்பத்தின் கட்சியா? ஒரு தேர்தலில் எல்லா இடங்களையும் வெல்வதும் இன்னொன்றில் அடியோடு துடைத்தெறியப்படுவதும் எப்படி?"

தொழிலாளர் கட்சியாகத்தான் அது பிறந்தது. துறைமுகத்தில் மூட்டை சுமந்த கிரியோல் (ஆப்பிரிக்க, கலப்பின வம்சாவளி) தொழிலாளியையும் கரும்புக் காட்டில் வெட்டுக் கத்தி பிடித்த இந்திய வம்சாவளித் தொழிலாளியையும் ஒரே மேடையில் நிறுத்தியதுதான் அதன் முதல் சாதனை. 1956-க்கும் 1967-க்கும் இடையில் அந்தப் பிணைப்பு அறுந்தது. அதற்குப் பிறகு கட்சியின் அடித்தளம் பெரும்பாலும் ஒரே சமூகமாகச் சுருங்கியது. ஆட்சிக்கு வரக் கூட்டணிக் கணக்கு தேவைப்பட்டது. நாட்டின் முதல் பிரதமர் சிவசாகர் ராம்கூலம், பின்னாளில் பிரதமரான அவர் மகன் நவின் என்ற குடும்ப ஆதிக்கம், பெரும் வெற்றி, பெரும் தோல்வி எல்லாம் இதற்குப் பிறகு வந்தவை. எனவே தொடக்கத்திலிருந்து பார்ப்பதுதான் நல்லது.

1936 பிப்ரவரி 23 அன்று போர்ட் லூயியின் ஷாம்ப் தெ மார்ஸ் மைதானத்தில் கட்சி தொடங்கப்பட்டது. தொடங்கியவர் மோரிஸ் கியூரே என்ற கிரியோல் மருத்துவர். அப்போது பிரிட்டிஷ் ஆட்சியில் இருந்த தீவில் சுமார் நான்கு லட்சம் பேர் வாழ்ந்தனர். சொத்தும் வருமானமும் உள்ளவர்களுக்கு மட்டுமே வாக்குரிமை என்பதால் வாக்காளர் பட்டியலில் இருந்தவர்கள் பத்தாயிரத்துச் சொச்சம்தான். தொழிற்சங்கம் அமைக்க முறையான சட்டம் இல்லை. சர்க்கரை ஆலை முதலாளிகளும் அவர்களுக்கு வேண்டியவர்களும் சட்டசபையைத் தங்கள் சங்கக் கூட்டம்போல நடத்திவந்தனர். வாக்குரிமை, தொழிற்சங்க உரிமை, முதியோருக்கு ஓய்வூதியம் என்று கியூரே கேட்டவை இன்று சாதாரணமாகத் தோன்றலாம். அன்று அவை ராஜத்துரோகத்துக்கு அருகில் வைத்துப் பார்க்கப்பட்டன.

அடுத்த ஆண்டே தீவு கொதித்தது. வளம் குறைந்த மண்ணிலும் வளரும் 'ஊபா' என்ற கரும்பு வகையைச் சிறு விவசாயிகள் பயிரிட்டுவந்தனர். அந்தக் கரும்புக்குக் கொடுக்கும் விலையை 15 சதவீதம் குறைப்பதாக ஆலைகள் அறிவித்தன. ஒரு சிறு விவசாயிக்கு 15 சதவீதம் என்பது அந்த ஆண்டின் கடனைக் கட்டுவதா, அடுத்த ஆண்டுக்கும் சுமப்பதா என்ற கேள்வி. விவசாயிகளும் தோட்டத் தொழிலாளர்களும் சேர்ந்து தெருவில் இறங்கினர். 1937 ஆகஸ்ட் 13 அன்று யூனியன் ஃபிளாக் தோட்டத்தில் கூட்டத்தின் மீது துப்பாக்கிச் சூடு நடந்து நான்கு பேர் இறந்தனர். அந்தத் தோட்டம் வெள்ளையர் ஒருவருடையது அல்ல. இந்திய வம்சாவளியைச் சேர்ந்த பெரும் பணக்காரக் குடும்பம் ஒன்றுக்குச் சொந்தமானது. மொரிஷியஸ் அரசியலை இனக் கணக்காக மட்டும் பார்ப்பவர்கள் இந்த ஒரு நிகழ்ச்சியை மறந்துவிடக் கூடாது. சுட்டவர்களுக்கும் சுடப்பட்டவர்களுக்கும் இடையில் இருந்த கோடு அன்று இனக் கோடு அல்ல, கூலிக் கோடு.

அதன் பிறகு விசாரணைக் குழு வந்தது. 1938-இல் தொழில் சங்கங்களுக்கான சட்டம் வந்தது. அந்த ஆண்டு மே தினத்தை முதன்முறையாகப் பெருங்கூட்டமாக ஷாம்ப் தெ மார்ஸில் கொண்டாடினார்கள். செப்டம்பரில் துறைமுகத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது ஆளுநர் பீட் கிளிஃபோர்ட் இரும்புக் கையைக் காட்டினார். பிரிட்டனில் தொழிற்சங்க அனுபவம் பெற்றுத் திரும்பியிருந்த எம்மானுவேல் ஆன்க்தில் ரொட்ரிக்ஸ் தீவுக்கு நாடு கடத்தப்பட்டார். கியூரே வீட்டுக் காவலில் வைக்கப்பட்டார். போராட்டக் களத்தில் துறைமுகமும் கரும்புக் காடும் கைகோத்த காலம் அது. கட்சியின் உயிர் அங்கேதான் இருந்தது.

1943-இல் நடந்ததைத் தமிழ் வாசகர் ஒருவர் சற்று நின்று படிக்க வேண்டும். வடக்கே பெல் வூ ஆரெல் தோட்டத்தில் கூலி உயர்வு கேட்டு வேலைநிறுத்தம் நடந்தது. செப்டம்பர் 27 அன்று காவல்துறை சுட்டது. இறந்தவர்களில் அஞ்சலை கூப்பன் கருவுற்றிருந்த பெண். அவருடன் இறந்தவர்களில் ஒருவரின் பெயர் அரசு ஆவணத்தில் பிரெஞ்சு உச்சரிப்பில் 'கிஸ்ட்னசாமி முனிசாமி' என்று பதிவாகியிருக்கிறது. அது கிருஷ்ணசாமி முனுசாமி என்று நமக்குப் புரியும். அந்தத் தோட்டத்தின் தொழிலாளிகளில் தமிழ்க் குடும்பங்கள் நிறைய இருந்தன என்பதை அந்தப் பெயர்களே சொல்லும். இன்று பெல் வூவில் உள்ள தேசிய விளையாட்டு அரங்கம் அஞ்சலையின் பெயரைத் தாங்கியிருக்கிறது. ஒப்பந்தக் கூலிகளின் வழிவந்த ஒரு கரும்புத் தோட்டப் பெண்ணின் பெயரை ஒரு நாடு தன் பெரிய அரங்கத்துக்கு வைத்திருப்பது எனக்கு எப்போதும் பெருமையாகத்தான் இருக்கிறது.

இந்த ரத்தத்தின் பலன் வாக்குப்பெட்டியில் தெரிய ஐந்து ஆண்டுகள் ஆயின. 1947-இல் வந்த அரசமைப்பு, தீவில் வழங்கும் ஏதாவது ஒரு மொழியில் எளிய வாக்கியங்களைப் படிக்கவும் எழுதவும் தெரிந்த பெரியவர்களுக்கு, ஆண் பெண் இருபாலருக்கும், வாக்குரிமை தந்தது. தமிழ், தெலுங்கு, இந்துஸ்தானி, குஜராத்தி எல்லாம் அந்த மொழிகளில் உண்டு. கிராமங்களில் 'பைட்கா' என்று ஒரு கூடம் இருக்கும். மாலையில் கூடிப் பேசவும் பிள்ளைகளுக்கு மொழி சொல்லிக்கொடுக்கவும் அதைப் பயன்படுத்துவார்கள். பகல் முழுக்கக் கரும்பு வெட்டியவர்கள் இரவில் அங்கே வந்து உட்கார்ந்து எழுதப் பழகினார்கள். பாஸ்தியோ பிசுந்தயாலும் அவருடைய இயக்கமும் இதில் செய்த உழைப்பு பெரிது. அவர்கள் தொழிலாளர் கட்சியினர் அல்ல; பின்னாளில் அந்தச் சகோதரர்களில் ஒருவரான சுக்தேவ் போட்டிக் கட்சியே தொடங்கினார். ஆனாலும் அவர்கள் கற்றுக்கொடுத்த எழுத்துதான் தொழிலாளர் கட்சிக்கு வாக்காக வந்து சேர்ந்தது. வாக்காளர் எண்ணிக்கை சுமார் 12 ஆயிரத்திலிருந்து 70 ஆயிரத்துக்கு மேல் போனது. 1948 ஆகஸ்ட் தேர்தலில் தேர்ந்தெடுக்கப்படும் 19 இடங்களில் பெரும்பான்மையைத் தொழிலாளர் கட்சியும் அதன் பக்கம் நின்றவர்களும் பிடித்தார்கள். சர்க்கரை முதலாளிகளின் நூற்றாண்டு ஆதிக்கம் ஒரே நாளில் ஆட்டம் கண்டது.

அப்போது கட்சியை நடத்தியவர் கீ ரோஸ்மோன் என்ற இளம் கிரியோல் தலைவர். 1946-இல் ஆன்க்தில் இறந்ததும் பொறுப்பு அவரிடம் வந்தது. அவரோடு ரங்கநாதன் சீனிவாசன் என்ற தமிழ் வழக்கறிஞர் இருந்தார். மொரிஷியஸின் 100 ரூபாய்த் தாளில் இன்றும் இருப்பது அவருடைய முகம்தான். லண்டனில் மருத்துவம் படித்து 1935-இல் திரும்பிய சிவசாகர் ராம்கூலமும் இருந்தார். ராம்கூலம் கட்சியைத் தொடங்கியவர் அல்ல, முதல் தலைவர்களில் ஒருவரும் அல்ல. குடும்பக் கட்சி என்று சொல்பவர்கள் இதைக் கவனிக்க வேண்டும்: தொடங்கி இருபது ஆண்டுகள் இந்தக் கட்சியின் முகம் கியூரே, ஆன்க்தில், ரோஸ்மோன் என்ற மூன்று பேரின் முகம். மூவரும் இந்திய வம்சாவளியினர் அல்லர்.

1956-இல் ரோஸ்மோன் நாற்பது வயதைத் தாண்டிய சிறிது காலத்தில் இறந்துபோனார். 1958-இல் சீனிவாசனும் போனார். தலைமை ராம்கூலத்திடம் வந்தது. அவர் திறமைசாலி, பொறுமைசாலி. மக்கள் அவரை 'சாச்சா' என்று அழைத்தார்கள். ஆனால் நகரத்துக் கிரியோல் குடும்பத்துக்கு ரோஸ்மோன் தங்கள் வீட்டுப் பிள்ளை; ராம்கூலம் அப்படி அல்ல. அந்த இடைவெளிக்குள் எதிர்ப்பக்கம் புகுந்தது. ஜூல் கேனிக் தொடங்கிய கட்சி சர்க்கரை முதலாளிகளின் கட்சி என்று பெயரெடுத்திருந்தது. கயேத்தான் துவால் என்ற கவர்ச்சியான கிரியோல் வழக்கறிஞர் அதில் முன்னுக்கு வந்ததும் அதற்கு மக்கள் முகம் கிடைத்தது. சுதந்திரம் வந்தால் இந்துக்கள் மற்றவர்களை விழுங்கிவிடுவார்கள் என்ற அச்சத்தை அது ஊர் ஊராகக் கொண்டுபோனது. துறைமுகத் தொழிலாளியின் மகன், தன் தகப்பன் போராடிக் கட்டிய கட்சியை விட்டு, தகப்பன் எதிர்த்துப் போராடிய முதலாளிகளின் கட்சிக்கு வாக்களித்தான். தொழிலாளர் கட்சியின் வரலாற்றில் இதைவிடப் பெரிய இழப்பு வேறு இல்லை. அதற்குப் பின் அடைந்த எந்தத் தேர்தல் தோல்வியும் இதற்கு ஈடாகாது. பழி முழுவதையும் எதிரிகள் மேல் போடவும் முடியாது. 1959-இல் எல்லாருக்கும் வாக்குரிமை வந்தபின், வேட்பாளரைத் தொகுதியின் சாதி, சமூக எண்ணிக்கையைப் பார்த்து நிறுத்தும் பழக்கத்தைக் கட்சி தானே ஏற்றுக்கொண்டது.

1967 ஆகஸ்ட் தேர்தல் சுதந்திரம் வேண்டுமா வேண்டாமா என்ற பொதுவாக்கெடுப்பாகவே நடந்தது. தொழிலாளர் கட்சி, பிசுந்தயாலின் கட்சி, முஸ்லிம்களின் கட்சி மூன்றும் சேர்ந்த சுதந்திர அணி 39 இடங்கள், துவால் தரப்பு 23 இடங்கள். ஆனால் எதிர்த்து வாக்களித்தவர்கள் 40 சதவீதத்துக்கும் மேல். 1968 ஜனவரியில் போர்ட் லூயியில் கிரியோல், முஸ்லிம் குழுக்களுக்கிடையே கலவரம் மூண்டது. பிரிட்டிஷ் படை வந்துதான் அடக்கியது. இரண்டு மாதம் கழித்து மார்ச் 12 அன்று, கட்சி பிறந்த அதே மைதானத்தில் புதிய கொடி ஏறியது. கிரியோல் குடும்பங்கள் பல ஆஸ்திரேலியாவுக்குக் கப்பலேறின.

சுதந்திரத்துக்கு ஒரு விலையும் கொடுக்கப்பட்டது. 1965 செப்டம்பரில் லண்டனில் பிரிட்டிஷ் பிரதமர் ஹரால்ட் வில்சன் ராம்கூலத்தைச் சந்தித்தார். அந்தச் சந்திப்புக்காக வில்சனுக்குத் தயாரித்துக் கொடுத்த குறிப்பு பின்னாளில் வெளியானது. நம்பிக்கையைக் காட்டியே ராம்கூலத்தை அச்சுறுத்துவதுதான் நோக்கம் என்று அதில் எழுதியிருந்தது: சுதந்திரம் கிடைக்கலாம் என்ற நம்பிக்கை, மொரிஷியஸோடு சேர்த்து ஆளப்பட்ட சாகோஸ் தீவுக்கூட்டத்தைப் பிரித்துக் கொடுக்கச் சம்மதிக்காவிட்டால் கிடைக்காமல் போகலாம் என்ற அச்சம். 30 லட்சம் பவுண்டுக்குச் சாகோஸ் பிரிந்தது. அதன் பெரிய தீவான டியகோ கார்சியாவில் அமெரிக்கத் தளம் அமைந்தது. அங்கே வாழ்ந்த மக்கள் 1973-க்குள் முழுவதுமாக வெளியேற்றப்பட்டனர். ராம்கூலம் விற்றுவிட்டார் என்று மொரிஷியஸில் ஒரு தரப்பு இன்றும் சொல்கிறது. அந்த அறையில் அவருக்கு எவ்வளவு பேரம் பேசும் வலு இருந்தது என்பதைப் பார்த்தால் நான் அவ்வளவு கடுமையாகச் சொல்லமாட்டேன். ஆனால் சாகோஸ் மக்களிடம் யாரும் கேட்கவில்லை என்பது உண்மை. அந்தப் பங்கு கட்சிக்கும் உண்டு.

ஆட்சியில் கட்சி என்ன செய்தது? 1961-இல் ஜேம்ஸ் மீட் தலைமையிலான குழு, பெருகும் மக்கள்தொகை, சர்க்கரை ஒன்றை மட்டும் நம்பிய பொருளாதாரம் இரண்டையும் வைத்து இந்தத் தீவுக்கு எதிர்காலம் இருண்டது என்று எழுதியது. பின்னாளில் நோபல் பரிசு பெற்ற பொருளாதார அறிஞர் அவர். அந்தக் கணிப்பு பொய்த்ததில் தொழிலாளர் கட்சிக்குப் பெரிய பங்கு உண்டு. முதியோர் ஓய்வூதியம் 1950-இல் ஏழைகளுக்கு மட்டும் தொடங்கியது; 1958 முதல் வருமானம் பார்க்காமல் எல்லா முதியோருக்கும் ஆனது. தோட்டக் கூலிக்காரக் கிழவிக்கும் ஆலை முதலாளியின் தாய்க்கும் ஒரே ஓய்வூதியம். சர்க்கரை ஏற்றுமதிக்கு வரி போட்டார்கள், தோட்டங்களைத் தேசியமயமாக்கவில்லை. 1970-இல் ஏற்றுமதித் தொழில் மண்டலச் சட்டம் கொண்டுவந்து துணி ஆலைகளை வரவழைத்தார்கள். கிராமத்துப் பெண்கள் முதன்முறையாகச் சம்பளக் கவர் வாங்கினார்கள். முதலாளியை விரட்டாமல் அவனிடம் வரி வாங்கி மக்களுக்குப் பள்ளியும் மருத்துவமும் தருவது என்ற வழி. இடதுசாரிகள் இதைச் சமரசம் என்பார்கள். பக்கத்து நாடுகளில் நடந்ததைப் பார்த்தால் இந்தச் சமரசம் ஏழைகளுக்கு நல்லதையே செய்தது என்பது என் கருத்து.

ஆனால் 1969 முதல் 1976 வரையிலான காலத்தை யாராலும் வெள்ளையடிக்க முடியாது. நேற்று வரை சுதந்திரத்தை எதிர்த்த துவாலோடு ராம்கூலம் கூட்டணி வைத்தார். நடக்க வேண்டிய பொதுத் தேர்தலைத் தள்ளிவைத்தார். 1969-இல் பால் பெராஞ்சேயும் நண்பர்களும் தொடங்கிய மொரிஷியஸ் போராளி இயக்கம், தொழிலாளர் கட்சி கைவிட்ட துறைமுகத்தையும் பஸ் ஊழியர்களையும் கையிலெடுத்தது. இனம் கடந்த வர்க்க ஒற்றுமை என்று பேசியது. 1936-இல் கியூரே பேசியதே அது. அதற்கு ஆட்சியின் பதில் அவசரநிலை, பத்திரிகைத் தணிக்கை, விசாரணையின்றிச் சிறை. ஆன்க்திலை நாடு கடத்திய ஆளுநரின் சட்டப் புத்தகத்தையே ஆன்க்திலின் கட்சி திறந்து பயன்படுத்தியது.

1975 மே 20 அன்று பள்ளி மாணவர்கள் போர்ட் லூயியை நோக்கி ஊர்வலமாக வந்தனர். நகரின் நுழைவாயிலில் உள்ள ஆற்றுப் பாலத்தில் போலீஸ் அவர்களைக் கண்ணீர்ப்புகையால் விரட்டியது. அரசு நடத்திய உயர்நிலைப் பள்ளிகள் சிலவே. மற்றவர்கள் கட்டணம் கட்டித் தரம் குறைந்த தனியார் பள்ளிகளில் படித்தார்கள். அந்தக் கோபத்துக்கு அரசு இருவகையில் பதில் சொன்னது: வாக்களிக்கும் வயது 18 ஆனது, 1977 தொடக்கத்திலிருந்து உயர்நிலைக் கல்வி இலவசம் ஆனது. இரண்டாவது அறிவிப்பு 1976 டிசம்பர் தேர்தலுக்குச் சற்று முன் வந்தது. தேர்தலைக் கருதி வந்ததுதான், ஐயமில்லை. ஆனாலும் இன்றைய மொரிஷியஸின் நடுத்தர வர்க்கம் பிறந்தது அந்த அறிவிப்பில்தான். அந்தத் தேர்தலில் போராளி இயக்கம் 34 இடங்களோடு முதலிடம் பிடித்தது. தொழிலாளர் அணி 28 பெற்று, துவாலின் 8 பேரோடு சேர்ந்து ஆட்சியைத் தக்கவைத்தது.

அடுத்து வந்த ஆண்டுகள் சோதனையானவை. சர்க்கரை விலை வீழ்ந்தது. பன்னாட்டு நிதியத்தின் நிபந்தனைகள் வந்தன. ரூபாயின் மதிப்பு இருமுறை குறைக்கப்பட்டது. அந்தக் கசப்பான பட்ஜெட்டுகளைப் படித்த நிதியமைச்சர் வீராசாமி ரிங்காடு, தமிழர். பின்னாளில் 1992-இல் மொரிஷியஸ் குடியரசானபோது அதன் முதல் குடியரசுத் தலைவர் ஆனவர். 1982 ஜூன் 11 தேர்தலில் பிரதான தீவின் 60 இடங்களையும் எதிரணி வென்றது. ராம்கூலம் தன் சொந்தத் தொகுதியிலேயே தோற்றார்.

இனி அந்த இரண்டாவது கேள்வி. மொரிஷியஸ் தீவில் 20 தொகுதிகள். ஒவ்வொன்றுக்கும் மூன்று உறுப்பினர்கள். வாக்காளர் மூன்று வாக்குகள் போடுகிறார். அதிக வாக்கு பெற்ற மூவர் வெல்கிறார்கள். பெரும்பாலானவர்கள் மூன்றையும் ஒரே அணிக்குப் போடுவதால், தீவு முழுவதும் 55, 60 சதவீதம் ஆதரவு இருந்தாலே ஏறக்குறைய எல்லாத் தொகுதியும் ஒரு பக்கம் சாய்ந்துவிடும். 1991-இல் தொழிலாளர் அணி சுமார் 40 சதவீத வாக்கு வாங்கியும் மூன்றே இடம் பெற்றது. 1995-இல் போராளி இயக்கத்தோடு சேர்ந்து 65 சதவீதம் வாங்கி 60 இடங்களையும் அள்ளியது. ஆகவே 'அறுபதுக்குப் பூஜ்யம்' என்பதைக் கட்சி இறந்துவிட்டதற்கோ உயிர்த்தெழுந்ததற்கோ அடையாளமாக எடுக்கக் கூடாது. மூன்று பெரிய கட்சிகளில் எந்த இரண்டு சேர்ந்தாலும் பெரும்பாலும் மூன்றாவது அடிபடும். அதனால்தான் அங்கே கொள்கை அறிக்கையைவிடக் கூட்டணிப் பேச்சு முக்கியமாகிவிட்டது.

1982-க்குப் பிறகு நடந்ததும் அதே கதைதான். வென்றவர்கள் ஒன்பது மாதத்தில் பிளந்தார்கள். அப்போதைய பிரதமர் அனிருத் ஜக்நாத் தனிக் கட்சி தொடங்கினார்; மூன்றாவது பெரிய கட்சி அதுதான். தோற்ற தொழிலாளர் கட்சி அவருக்குத் தோள்கொடுத்தது. ராம்கூலம் தலைமை ஆளுநராகி 1985 டிசம்பரில் காலமானார். சத்காம் பூலெல் சில ஆண்டுகள் கட்சியைக் கட்டிக்காத்தார். பிறகு ராம்கூலத்தின் மகன் நவின், மருத்துவமும் சட்டமும் படித்தவர், தலைமைக்கு அழைக்கப்பட்டார். 1995-இல் பிரதமரானார்.

அவருடைய முதல் ஆட்சியில் நமக்கு நெருக்கமான ஒரு நிகழ்ச்சி உண்டு. 1998-இல் வெளியிட்ட புதிய ரூபாய்த் தாள்களில், வழக்கமாகத் தமிழ் எழுத்து மேலேயும் இந்தி கீழேயும் இருந்த வரிசை மாறியிருந்தது. தமிழர்கள் தெருவில் இறங்கினார்கள். அரசு அந்தத் தாள்களைத் திரும்பப் பெற்று, 1999-இல் பழைய வரிசையோடு புதிதாக அச்சிட்டது. தமிழர்கள் மக்கள்தொகையில் சிறு பங்குதான். அவர்களின் எதிர்ப்புக்குப் பணிந்து ஒரு நாடு நாணயத்தையே மாற்றியது என்றால், கூட்டணிக் கணக்கில் ஒவ்வொரு சிறு சமூகத்தின் வாக்கும் எவ்வளவு எடை கொண்டது என்பது புரியும்.

2005-இல் திரும்ப ஆட்சிக்கு வந்ததும் மாணவர்களுக்கும் முதியோருக்கும் பஸ் பயணம் இலவசமானது. முந்தைய ஆட்சி ஓய்வூதியத்துக்குப் போட்ட வருமான வரம்பும் நீக்கப்பட்டது. அதே ஆட்சியில் நிதியமைச்சர் ராமா சித்தானென், இவரும் தமிழர், ஏழை பணக்காரர் பேதமின்றி எல்லாருக்கும் ஒரே 15 சதவீத வருமான வரி கொண்டுவந்தார். ஐரோப்பியச் சர்க்கரை விலைச் சலுகையும் துணி ஏற்றுமதிச் சலுகையும் ஒரே காலத்தில் பறிபோன நெருக்கடியில் அது முதலீட்டை இழுத்தது என்று ஆதரிப்பவர்கள் சொல்கிறார்கள். பணக்காரனிடம் கூடுதல் வரி வாங்குவது என்ற அடிப்படையை விட்ட கட்சி எந்த வகையில் இடதுசாரி என்று தொழிற்சங்கங்கள் கேட்டன. அந்தக் கேள்விக்குக் கட்சி ஒழுங்கான பதில் சொல்லவே இல்லை என்றுதான் நினைக்கிறேன்.

2014-இல் குடியரசுத் தலைவர் பதவிக்குக் கூடுதல் அதிகாரம் தரும் திட்டத்தோடு போட்டியிட்டுத் தோற்றார்கள். நவினும் தன் தொகுதியில் தோற்றார், 2019-இல் மறுபடியும் தோற்றார். ஒட்டுக்கேட்பு ஒலிப்பதிவுகள் கசிந்து ஆளும் தரப்பு நிலைகுலைந்திருந்த 2024 நவம்பரில் அதே நவின் 60 இடங்களோடு திரும்பினார். 2025 மே 22 அன்று சாகோஸ் மீதான இறையாண்மையை மொரிஷியஸுக்குத் தரும் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார். அந்த ஒப்பந்தப்படி டியகோ கார்சியா 99 ஆண்டுக் குத்தகையில் பிரிட்டன் வசமே இருக்கும். தகப்பன் கையிலிருந்து போனதைத் திரும்பப் பெற மகன் கையெழுத்திட்ட பெருமை கட்சிக்குச் சேர்ந்தது. அடுத்த மாதமே பட்ஜெட்டில் ஓய்வூதிய வயதை 60-லிருந்து படிப்படியாக 65 ஆக்குவதாக அறிவித்தார். தொழிற்சங்கங்கள் தெருவுக்கு வந்தன. கடன் சுமை உண்மை, முதியோர் பெருகுவதும் உண்மை. ஆனால் கல் உடைப்பவரும் கரும்பு வெட்டுபவரும் அறுபது வயதில் எந்த உடல்நிலையில் இருக்கிறார்கள் என்பதைத் தெரிந்து பிறந்த கட்சி இது. எல்லாருக்கும் ஒரே மாதிரி வயதை உயர்த்துவதற்கு முன் அவர்களைத் தனியாகப் பார்த்திருக்க வேண்டும்.

குடும்பக் கட்சியா என்றால், 1956 முதல் இன்றுவரை ஏழு பத்தாண்டுகளில் மிகப் பெரும் பகுதி ஒரு தகப்பனும் ஒரு மகனும்தான் தலைவர்கள்; இதை மறுக்க முடியாது. எதிரணியிலும் ஜக்நாத் தகப்பனும் மகனும், துவால் தகப்பனும் மகனும் என்று அதே நிலைதான். நவினுக்கு இப்போது எண்பதை நெருங்கும் வயது. அடுத்த தலைவரைக் கட்சி எங்கிருந்து எடுக்கிறது என்பதைக் கவனியுங்கள். துறைமுகப் பகுதியிலிருந்தோ தொழிற்சங்கத்திலிருந்தோ ஒருவர் வந்தால் 'தொழிலாளர்' என்ற பெயருக்கு மறுபடியும் பொருள் வரும். மறுபடியும் சமூக எண்ணிக்கையைப் பார்த்தே ஒருவரை நிறுத்தினால், உங்கள் முதல் கேள்விக்கு விடை 'தொழிலாளர்களின் கட்சி இல்லை' என்றாகிவிடும்.